ஏழாம் அறைக் கதவில் புள்ளி இல்லை

ஆண்ட்வெர்ப்,
டிசம்பர் 8

அன்புள்ள ஒடெட்டுக்கு,

ஃப்ளோரென்ட் எழுதுகிறேன். கையெழுத்தைப் பார்த்ததுமே தெரிந்திருக்கும். வாழை பழுக்க வைக்கும் அறைகளின் கதவில் தொங்கும் அட்டைகளில் இந்தக் கோழிக் கிறுக்கலைத்தானே ஏழு வருஷம் படித்தாய். இங்கே நானும் என் மனைவி ஆக்னஸும் உடம்பளவில் நன்றாக இருக்கிறோம். நீ சுகமா என்று கேட்க எனக்கு வாய் இல்லை. ஆனால் அதைக் கேட்காமல் ஒரு கடிதத்தை எப்படித் தொடங்குவது என்றும் தெரியவில்லை. சுகமா?

இதை உன் மகள் கையில் கொடுத்தனுப்புகிறேன். கிளெமான்ஸ் கிறிஸ்துமஸுக்கு உன் ஊர் கிசங்கானிக்கு வருகிறாள் என்று பிரஸ்ஸல்ஸ் கடைக்கார அம்மா ஒருத்தி சொன்னாள். ரயிலேறி லியேஜுக்குப் போய் நர்ஸிங் கல்லூரி வாசலில் மழையில் நின்றேன். உன்னைப்போலவே வேகமாக நடக்கிறாள். அம்மாவோடு வேலை செய்தவன் என்று சொன்னேன், பண்டிகை வாழ்த்து என்று நினைத்துக் கடிதத்தையும் பிஸ்கட் டப்பாவையும் வாங்கிப் பையில் வைத்துக்கொண்டாள். நான் யார் என்று முழுதாகத் தெரிந்திருந்தால் வாங்கியிருப்பாளா என்பது சந்தேகம்தான்.

செய்தி என்று பார்த்தால் பெரிதாக ஒன்றும் இல்லை. மூன்று வாரமாக விடாத மழை. ஆக்னஸுக்கு முழங்கால் வலி, படி ஏறும்போதெல்லாம் என்னைத் திட்டிக்கொண்டே ஏறுகிறாள், படியைக் கட்டியவன் நான் என்பதுபோல. துறைமுகத்தில் மறுபடி வேலைநிறுத்தம். ஈக்வடாரிலிருந்து வந்த கப்பல் இரண்டு ஆற்று முகத்தில் வரிசையில் நிற்கின்றன, உள்ளே காய் என்ன கதியில் இருக்கிறதோ. நல்லவேளை, அது இனி என் தலைவலி இல்லை. நவம்பர் கடைசியில் ஓய்வு பெற்றுவிட்டேன்.

உன் மகெம்பா வாழைக்காயின் கதையைக் கேட்டால் உனக்குக் கோபம் வரும். நீ போன பிறகு அந்தப் பெரிய வறுவல் காய்களை யார் பார்ப்பது என்று முதலாளி ஹைலன் ஒரு டச்சுக்காரரை அமர்த்தினார். அந்த மகானுபாவர் முதல் வாரமே மொத்தத்தையும் ஆறாம் அறையில் ஏற்றிப் பழுக்க வைக்கும் வாயுவைத் திறந்துவிட்டார். எல்லாம் மஞ்சள் மஞ்சளாக வெளியே வந்தன. சனிக்கிழமை காலை பிரஸ்ஸல்ஸ் கடைக்காரப் பெண்கள் வந்தார்கள், பெட்டியைத் திறந்து பார்த்தார்கள், வண்டியைத் திருப்பிக்கொண்டு போய்விட்டார்கள். இப்போது ரோட்டர்டாமில் வாங்குகிறார்களாம். எனக்குச் சிரிக்கவும் முடியவில்லை, ஏனென்றால் நீ வந்த புதிதில் நானும் இதே கூத்தைத்தான் செய்தேன். அன்று நீ சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: "யாயா, உங்க ஊர்ல உருளைக்கிழங்க யாராவது பழுக்க வச்சு வறுப்பாங்களா?"

முதல் நாளிலிருந்தே யாயா என்றுதான் கூப்பிட்டாய். உங்கள் ஊரில் அண்ணனை அப்படிச் சொல்வார்கள் என்று எனக்கு ஒரு மாசம் கழித்துத்தான் தெரிந்தது. அதுவரை ஏதோ வைகிறாய் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

சரி, சுற்றி வளைத்தது போதும். ஏன் எழுதுகிறேன் என்று சொல்கிறேன்.

எனக்கு வழியனுப்பு விழா வைத்தார்கள். கேன்டீனில் பியர், பியரில் வெந்த மாட்டிறைச்சி, உருளை வறுவல். பரிசாக ஒரு பலகையில் ஆணி அடித்த பித்தளை மூக்கு. ஆமாம், மூக்கு, என் கை அளவுக்குப் பெரியது. கீழே 'ஆண்ட்வெர்ப்பின் மூக்கு' என்று பொறித்திருந்தார்கள். ஹைலன் எழுந்து பேசினார். நாற்பத்தொரு வருஷம் இந்த மனிதர் கதவைத் திறந்து ஒரு மூச்சு இழுத்தால் போதும், எந்த நாள் எந்த மணிக்குப் பழம் மஞ்சளாகும் என்று சொல்லிவிடுவார் என்றார். ஒரே ஒரு தடவைதான் ஓர் அறை கெட்டது, அதுவும் அவர் தப்பு இல்லை என்றார். எல்லோரும் கைதட்டினார்கள். ஒடெட், நானும் தட்டினேன்.

வீட்டுக்கு வந்து அந்த மூக்கைக் கழிப்பறை அலமாரிக்குள் வைத்தேன். ஆக்னஸ் ஏன் அங்கே என்று கேட்டாள். அலமாரியைச் சாத்தினேன். அன்றிலிருந்து எனக்குச் சோறு தண்ணீர் இறங்கவில்லை என்று சொன்னால் பொய், நன்றாகவே இறங்குகிறது. ருசிதான் தெரிவதில்லை, அது உனக்குத் தெரிந்த விஷயம்.

இனி எழுதப்போவதெல்லாம் உனக்குத் தெரிந்ததுதான். இருந்தாலும் எழுதுகிறேன். இதை நான் யாரிடமும் முதலிலிருந்து கடைசிவரை சொன்னதில்லை, ஆக்னஸிடம்கூட. ஒருத்தரிடமாவது சொல்ல வேண்டும், அது நீயாகத்தான் இருக்க முடியும்.

அந்த ஜனவரிக் காய்ச்சலில் என் மூக்கு போயிற்று. காய்ச்சல் விட்டது, சளி விட்டது, வாசனை மட்டும் திரும்பவில்லை. டாக்டரிடம் போனால் காகிதத்தில் எழுதிவிடுவார் என்று போகவில்லை. வேறு யாராவது என்றால் ஒன்றும் இல்லை, ஆனால் நான் மூக்கு ஆயிற்றே. சூப்பர்மார்க்கெட்காரர்கள் வந்தால் ஹைலன் என்னைத்தான் கூட்டிக்கொண்டு போய்க் காட்டுவார், சர்க்கஸில் கரடியைக் காட்டுவதுபோல. எல்லா வேலைக்கும் கம்ப்யூட்டர் வந்துகொண்டிருந்தது. என்னை வைத்திருந்ததே இந்த மூக்குக்காகத்தான். அது போய்விட்டது என்று சொன்னால் வாசல் காவலுக்கு அனுப்புவார்கள், இல்லையென்றால் வீட்டுக்கு. அதோடு கர்வம். அதை ஒளிப்பானேன்.

நீதான் கண்டுபிடித்தாய். நாலாம் அறையில் தலையை நீட்டி, தேன் மாதிரி வருகிறது, வியாழன் மத்தியானம் தயார் என்று பெரிய மனிதன்போலச் சொன்னேன். நீ பின்னால் முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு நின்றாய், முந்தானை என்றால் உன் தோளில் கிடக்கும் அந்தப் பூப்போட்ட துணி. "யாயா, உள்ள எலி செத்துக் கிடக்கு. உங்களுக்குத் தேன் வருதா?" என்று கேட்டாய். நான் சுவரைப் பார்த்தேன். நீ எலியைத் தேடி எடுத்து எறிந்துவிட்டுக் கை கழுவப் போய்விட்டாய்.

மறுநாள் காலை பார்த்தால் ஒவ்வொரு கதவிலும் எண்ணுக்குக் கீழே கடுகளவு சாக்பீஸ் புள்ளி. ஒரு புள்ளி என்றால் நல்லது. இரண்டு என்றால் நாளைக்கு மறுபடி பார். மூன்று என்றால் கெட்டுவிட்டது, கதவைத் திற. நீ விளக்கவும் இல்லை, நான் கேட்கவும் இல்லை, இரண்டு நாளில் புரிந்துகொண்டேன். எனக்கு அரை மணி முன்னதாக வந்து ஒன்பது அறைகளிலும் மூச்சிழுத்துப் புள்ளி வைத்துவிட்டு உன் மகெம்பா பக்கம் போய்விடுவாய். நான் புள்ளியைப் பார்த்து அட்டையில் எழுதுவேன், ஈரத்துணியால் புள்ளியைத் துடைப்பேன். பதின்மூன்று மாசம் ஆண்ட்வெர்ப்பின் மூக்கு உன் முகத்தில்தான் இருந்தது.

பிறகு அந்த மார்ச். லியேஜில் உன் அக்கா இறந்துபோனாள். மூன்று நாள் துக்கத்துக்கு நீ போக வேண்டும். திங்கட்கிழமை ஏழாம் அறையை நீதான் ஏற்றினாய். கையுறையைக் கழற்றிக்கொண்டே என்னிடம் வந்து சொன்னாய், கூரைப்பக்கத்துக் காற்று மூடி இறுகிப்போயிருக்கிறது, வாயு போட்ட மறுநாள் அது திறக்குமோ திறக்காதோ, குறிப்பேட்டில் எழுதிவிட்டுப் போகிறேன் என்று. எழுதினால் மெக்கானிக் வருவான், அறையைக் காலி செய்யச் சொல்வான், வெள்ளிக்கிழமைச் சரக்கு தள்ளிப்போகும். நான் சொன்னேன், "எழுதாத. நான் பாத்துக்கறேன்." நீ தயங்கினாய். "அப்போ யாராவது மூக்கு உள்ள ஆளக் கூட்டிட்டு வந்து மோந்து பாக்கச் சொல்லுங்க யாயா" என்றாய். அதைக் கிண்டலாகக்கூடச் சொல்லவில்லை நீ. அக்கா செத்த அன்றும் என் மூக்கைப் பற்றிய கவலை உனக்கு.

செவ்வாய்க்கிழமை மூடியின் கைப்பிடியைச் சுற்றினேன். வெண்ணெய்போலச் சுற்றியது. நேற்று இறுகியிருந்தது இன்று இலகுவாகச் சுற்றினால் உள்ளே தண்டு முறிந்திருக்கிறது என்று எவனுக்கும் தெரியும். எனக்கும் தெரியும். தெரிந்தும், சரியாகிவிட்டது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். உள்ளே காய் விடும் மூச்சு வெளியே போக வழியில்லாமல் அடைத்துக்கொண்டது. அளவுமானி பழசு, அது கப்பல் மூழ்கினாலும் ஒரே எண்ணைத்தான் காட்டும்.

மூன்று காலை, ஒன்பது கதவுகள், ஒன்றிலும் புள்ளி இல்லை. ஏழாம் அறைக் கதவைத் திறந்து தலையை நீட்டினேன். தலை கொஞ்சம் கனத்தது, அவ்வளவுதான். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டும் லூக் பத்தடி தள்ளி உட்கார்ந்து ரொட்டி தின்றுகொண்டிருந்தான். லூக், இங்கே வந்து மோந்து பார் என்று ஒரு வார்த்தை. அது வாயில் வரவில்லை. அட்டையில் 'நல்லது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். மறுநாளும் அதையே போட்டேன்.

வெள்ளிக்கிழமை இறக்கும்போது தோல் பச்சையாகவே இருந்தது, அழுத்தினால் கட்டைவிரல் உள்ளே போயிற்று. ஒரு லாரி நிறைய. ஆட்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு பின்னால் நகர்ந்ததைப் பார்த்துத்தான் அது நாறுகிறது என்றே எனக்குத் தெரிந்தது.

உன்னை லியேஜிலிருந்து வரவழைத்தார்கள். கறுப்பு உடையை மாற்றக்கூட இல்லாமல் நேராக ஹைலன் அறைக்கு வந்தாய். மூடியைச் சோதித்தாயா என்று கேட்டார். இறுக்கமாக இருந்தது, அவரிடம் சொன்னேன் என்றாய். ஹைலன் என் பக்கம் திரும்பினார். நான் சொன்னேன், "எங்கிட்ட எதுவும் சொல்லல."

இவ்வளவுதான் நான் செய்தது. மூன்று வார்த்தை.

'இவர் மூக்கு ஒரு வருஷமாகச் செத்துப்போயிருக்கிறது' என்று நீ சொல்லியிருக்கலாம். சொல்லுவாய் என்றுதான் நினைத்தேன். நீ என்னைப் பார்த்தாய். பிறகு ஹைலனிடம் சொன்னாய், "யாயாவுக்கு மறந்திருக்கும். ஞாபகம் வந்ததும் சொல்வாரு."

எனக்கு ஞாபகம் வரட்டும் என்று நீ எட்டு மாசம் காத்திருந்தாய். வேலைநீக்கத் தாளில் 'பெருந்தவறு' என்று எழுதினார்கள். வேலை போனதால் இந்த நாட்டில் தங்கும் அனுமதி அட்டையைப் புதுப்பிக்கவில்லை. அட்டை போனதால் போன வருஷம் நவம்பரில் மகளை விட்டுவிட்டு விமானம் ஏறினாய். நீ போகும் நாள் எனக்குத் தெரியும். அன்று விடுப்பு எடுத்துத் தோட்டத்தில் இலை கூட்டினேன்.

ஒடெட், 'மன்னித்துவிட்டேன்' என்று ஒரு வார்த்தை எழுது. எனக்கு வேறு எதுவும் வேண்டாம். வயசாகிவிட்டது, இதைச் சுமந்துகொண்டு இன்னும் எத்தனை நாள். பிஸ்கட் டப்பாவில் இருப்பது நீ காபியில் நனைத்துத் தின்னும் ஸ்பெகுலாஸ்தான். கடவுள் உன்னையும் உன் வீட்டாரையும் குறையில்லாமல் வைத்திருக்கட்டும்.

உன் யாயா,
ஃப்ளோரென்ட்


ஆண்ட்வெர்ப்,
பிப்ரவரி 21

ஒடெட்டுக்கு வணக்கம்.

கடிதம் திரும்பி வந்தது. கிளெமான்ஸ் ஊரிலிருந்து வந்த மறுவாரம், ஒரு ஞாயிற்றுக்கிழமை, தானாகவே எங்கள் வீட்டைத் தேடி வந்தாள். ஆக்னஸ் காபி போடப் போனாள். உன் மகள் கோட்டைக் கழற்றவில்லை, உட்காரவும் இல்லை. என் கடிதத்தை மேஜைமேல் வைத்தாள். கடைசிப் பக்கத்தின் அடியில் நீல மையில் மூன்று புள்ளிகள். கையெழுத்துக்கு மேலே நான் உரிமையோடு எழுதியிருந்த 'யாயா'வின் குறுக்கே ஒரு கோடு. வேறு ஓர் எழுத்து இல்லை.

வாயால் ஒன்று சொல்லச் சொன்னாயாம். கிளெமான்ஸ் அதைப் பள்ளிப்பிள்ளை ஒப்பிப்பதுபோலச் சொன்னாள்: "கதவத் திறங்கன்னு சொல்லச் சொன்னாங்க. எந்தக் கதவும்மான்னு கேட்டேன். அவருக்குத் தெரியும்னாங்க."

எனக்குத் தெரிந்தது. நான் மன்னிப்பை உன் வீட்டு வாசலில் கொண்டுவந்து இறக்கிவிட்டுக் கை கழுவப் பார்த்திருக்கிறேன். பொய் சொன்ன இடம் ஹைலன் அறை. உண்மையை மட்டும் கடல் தாண்டி இரகசியமாக அனுப்பினேன், அதுவும் உன் மகளையே சுமக்கவைத்து.

அதற்குள் ஆக்னஸ் கடிதத்தை எடுத்துத் பாத்திரம் கழுவும் தொட்டிப் பக்கத்தில் நின்று படிக்க ஆரம்பித்துவிட்டாள். நான் பறிக்கவில்லை. என் மூக்கு விஷயம் அவளுக்கு முதலிலிருந்தே தெரியுமாம். கெட்டுப்போன சூப்பை இரண்டு தட்டு சாப்பிட்டுவிட்டு நன்றாக இருக்கிறது என்றேனாம், நானாகச் சொல்லட்டும் என்று விட்டிருக்கிறாள். உன் விஷயம்தான் அவளுக்குத் தெரியாது. படித்து முடித்ததும் மாடிக்குப் போனாள், முழங்கால் வலியோடு, என்னைத் திட்டாமல். இறங்கி வரும்போது கையில் அந்த நீல டப்பா. ஞாபகம் இருக்கிறதா, அந்த மார்ச்சில் திங்கட்கிழமை கிளம்புவதற்கு முன்னால் வறுத்த மகெம்பா போட்டுக் கொடுத்தாயே, அது. நான் அதைத் துணிப்பெட்டிக்குப் பின்னால் ஒளித்து வைத்திருந்தது அவளுக்குத் தெரிந்திருக்கிறது. ஆக்னஸ் அதைக் கிளெமான்ஸ் முன்னாலேயே என் எதிரில் வைத்துச் சொன்னாள், "டப்பாவத் திருப்பிக் குடுக்கக்கூட முகமில்லாத ஆளோட இத்தன நாள் ஒரே மேஜையில சாப்ட்டிருக்கேன்."

அப்போதுதான் உன் மகள் உட்கார்ந்தாள். கென்ட் நகரத்தில் ஒரு பழுக்க வைக்கும் கம்பெனி போன செப்டம்பரில் உன்னை மகெம்பாவுக்கென்றே வேலைக்கு எடுக்கத் தயாராக இருந்ததாம், அனுமதிக்கு விண்ணப்பிக்கவும் சம்மதித்தார்களாம். பழைய கம்பெனித் தாளைக் கேட்டார்கள். 'பெருந்தவறு' என்ற வார்த்தையைப் பார்த்ததும் பேச்சை நிறுத்திவிட்டார்கள். அது மட்டும் நடந்திருந்தால் ஜூனில் தான் நர்ஸாகிப் பட்டயம் வாங்கும்போது அம்மா இங்கே இருந்திருப்பாள் என்றாள். அழவில்லை. அழுதிருந்தால் எனக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும். உன் வேலைதான் போனது, நீ எங்கே போனாலும் பிழைத்துக்கொள்வாய் என்று நான் என்னை நம்பவைத்திருந்தேன். ஜூன் மாசத்தைப் பற்றி எனக்குத் தெரியாது, ஒடெட். தெரிந்துகொள்ள நான் முயற்சி செய்ததும் இல்லை.

புதன்கிழமை பத்து மணிக் காபி நேரத்தில் கேன்டீனுக்குப் போனேன். பித்தளை மூக்கைப் பையில் எடுத்துப் போனேன். ஓய்வு பெற்றவர் பழைய ஆட்களைப் பார்க்க வந்திருக்கிறார் என்று எல்லோரும் எழுந்து கைகொடுத்தார்கள். ஹைலனையும் கூப்பிடச் சொன்னேன். அவர் வந்ததும் மூக்கை மேஜைமேல் வைத்துவிட்டுச் சொன்னேன், "ஐயா, எனக்கு ஒன்னு ஞாபகம் வந்துச்சு."

அவர் சிரித்தார், வேடிக்கை ஏதோ வரப்போகிறது என்று. நான் சொல்லச் சொல்ல மற்றவர்களும் சிரித்தார்கள். பாதியில் சிரிப்பு குறைந்தது. முழுதும் சொன்னேன், எலி, புள்ளிகள், மூடி, எழுதாதே என்று நான் சொன்னது, அவர் அறையில் சொன்ன மூன்று வார்த்தை. ஹைலன் நம்பவில்லை. நம்பினால் அவருக்குத்தான் சங்கடம். கண்ணை மூடுங்கள் என்றார். மூடினேன். மூக்குக்குக் கீழே ஒரு கோப்பை வந்தது, உதட்டில் சூடு பட்டது. காபி என்றேன். இன்னொன்று வந்தது. அதில் சூடு இல்லை. ஆறிப்போன காபி என்றேன். கண்ணைத் திறந்தால் அது தரை கழுவும் மருந்து. பக்கத்திலிருந்தவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள், அவ்வளவு காரம். அதற்குப் பிறகு யாரும் சிரிக்கவில்லை.

லூக் மட்டும் வெளியே பின்னாலேயே வந்தான். அடிப்பான் என்றுதான் நினைத்தேன். "அன்னிக்கு நான் பத்தடி தள்ளித்தானே இருந்தேன். கூப்ட்டிருந்தா வந்திருப்பேன்ல" என்றான். வண்டி ஓட்டப் போய்விட்டான். அடித்திருக்கலாம்.

ஹைலன் தன் அறைக்குள் கூட்டிப்போய்க் கதவைச் சாத்தினார். நல்ல பெயரோடு போனவர் இதை ஏன் கிளறுகிறீர்கள், அந்தப் பெண் இப்போது அவளுடைய ஊரில் நிம்மதியாக இருப்பாள் என்றார். மகள் இங்கே இருக்கிறாள் என்று சொன்னேன். வக்கீலைக் கேட்க வேண்டும் என்றார். கேட்பதற்கு எத்தனை நாள் என்றேன். கையை விரித்தார்.

நான் என்ன செய்தேன் தெரியுமா? மறுநாளிலிருந்து தினமும் காலையில் போய் வரவேற்பறை நாற்காலியில் உட்கார்ந்துகொண்டேன், மடியில் பித்தளை மூக்கோடு. லாரிக்காரர்கள், சூப்பர்மார்க்கெட்காரர்கள், பெட்டி விற்பவர்கள் என்று வருகிறவர்கள் எல்லாம் இது என்ன என்று கேட்பார்கள். நான்தான் இந்த ஊர் மூக்கு, எனக்கு வாசனையே தெரியாது, அதை மறைக்க ஒரு பெண்ணின் வேலையைத் தின்றேன் என்று ஒவ்வொருவரிடமும் சொல்வேன். முதல் நாள் நாக்கு ஒட்டிக்கொண்டது. மூன்றாம் நாள் பழகிவிட்டது. ஆறாம் நாள், கம்பெனியில் மகெம்பாவுக்கு இப்போது நல்ல ஆள் இருக்கிறாரா என்று பார்த்துவிட்டுப் போக பிரஸ்ஸல்ஸ் பெண்கள் இருவர் வந்தார்கள். அவர்களிடமும் சொன்னேன். பெரியவள் என் முகத்துக்கு நேரே உங்கள் பாஷையில் ஏதோ சொன்னாள். அர்த்தம் கேட்கவில்லை, கேட்கவும் தேவையில்லை. அன்று மத்தியானம் ஹைலன் என்னைக் கூப்பிட்டார்.

கம்பெனி கொடுத்த தாளின் நகல் இதோடு இருக்கிறது. மொத்தம் நாலே வரி, முத்திரையோடு. அப்போது கூறப்பட்ட காரணம் தவறு என்று தெரியவந்ததால் திரும்பப் பெறப்படுகிறது, ஒடெட் லோஃபெம்பா ஏழு வருஷமும் குறையில்லாமல் வேலை செய்தவர் என்று எழுதியிருக்கிறது. 'வருந்துகிறோம்' என்று சேர்க்கச் சொல்லிக் கேட்டேன். வக்கீல் வேண்டாம் என்றாராம். நான் எழுதிக்கொடுத்த வாக்குமூலத்தின் நகலும் இருக்கிறது. அதில் அந்த வார்த்தை இருக்கிறது, மூன்று இடத்தில்.

அசல் தாளைக் கிளெமான்ஸ் கென்ட்டுக்கு எடுத்துப் போனாள். நான் வரட்டுமா என்றேன், வேண்டாம் என்றாள். இதையும் ஒளிக்காமல் எழுதிவிடுகிறேன்: அந்த இடத்துக்கு ஆள் எடுத்துவிட்டார்களாம். ஏப்ரலில் இன்னொரு குளிரறை திறக்கிறார்கள், அப்போது பார்க்கலாம் என்றார்களாம். உறுதி இல்லை. ஏப்ரலில் சரி என்றாலும் அனுமதி வந்து சேர ஜூன் தாண்டிவிடும் என்று கிளெமான்ஸ் சொல்கிறாள். உன்னை அனுப்ப எனக்கு மூன்று வார்த்தை போதுமாக இருந்தது. திரும்பக் கொண்டுவர நாலு வரியும் முத்திரையும் போதவில்லை. வழியனுப்பு விழாவுக்கு முன்னால், கென்ட்காரர்கள் உன்னை எடுக்கத் தயாராக இருந்த அந்தச் செப்டம்பரில் நான் இதைச் செய்திருந்தால் நீ இந்நேரம் இங்கே இருப்பாய். இதை எத்தனை தடவை திருப்பிப் போட்டுப் பார்த்தாலும் இப்படித்தான் வருகிறது.

ஜூனுக்கு வேறு வழி, பார்வையாளர் விசாவாவது, உண்டா என்று ஆக்னஸ் இப்போது அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்குகிறாள். முழங்கால் வலி எங்கே போயிற்று என்று கேட்டால் முறைக்கிறாள். நீல டப்பாவைக் கழுவித் துடைத்துச் சமையலறை அலமாரியில் முன்வரிசையில் வைத்திருக்கிறாள். இந்தக் கடிதத்தோடு அனுப்பிவிடலாமா என்று கேட்டேன். அனுப்பாதே, அவளே வந்து வாங்கிக்கொள்ளட்டும் என்கிறாள். கிளெமான்ஸ் இரண்டு ஞாயிறு வந்து ஆக்னஸோடு சாப்பிட்டாள். நான் அந்த நேரம் தோட்டத்துக்குப் போய்விடுகிறேன். அவள் என்னிடம் பேச வேண்டும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

உன் மகள் நல்ல பெண். ஜூனில் அவள் மேடையேறும்போது முதல் வரிசை நாற்காலி ஒன்றில் நீ இருக்க வேண்டும் என்று, கோயில் பக்கம் போகாத நான், தினமும் வேண்டிக்கொள்கிறேன். அது நடக்காவிட்டால் அந்த நாற்காலி காலியாக இருக்கும், யாரையும் அதில் உட்காரவிடாமல் ஆக்னஸ் பார்த்துக்கொள்வாள். நீங்கள் இருவரும் நூறு வயது நன்றாக இருங்கள்.

மன்னிப்பை இந்த முறை கேட்கவில்லை. ஒன்று மட்டும் கேட்கிறேன். போன கடிதத்தில் நீ கோடு போட்டு அடித்தது நியாயம், அந்தச் சொல்லை நானாக எடுத்துப் போட்டுக்கொண்டிருக்கக் கூடாது. இதில் என் பெயருக்கு முன்னால் கொஞ்சம் இடம் விட்டிருக்கிறேன். நான் யார் என்று அதில் எழுதித் திருப்பி அனுப்பு. திருடன் என்று எழுதினாலும் சரி, கோழை என்று எழுதினாலும் சரி, நான் அதையே போட்டுக் கையெழுத்திடுகிறேன். அன்று ஏழாம் அறைக்கு முன்னால் நின்றுகொண்டு உன்னை எழுதாதே என்றேன். எழுது, ஒடெட்.

இப்படிக்கு,

.......................... ஃப்ளோரென்ட்